கிரியோல் இறாலும் மரக்காணத்து எறாவும்

வீட்டுல கிரியோல் இறால் சமைக்கணும்னு ஆசைப்படறவங்க முதல்ல செய்ய வேண்டியது, அந்தப் பேரு போட்ட மசாலாப் பொட்டலத்தை வாங்காம இருக்கறது. சமையல் விஷயத்துல விவசாயிக்கு என்ன பேச்சுன்னு நினைக்காதீங்க. தக்காளியும் மிளகாயும் போடறவன், வாரத்துக்கு ஒரு நாளாவது மரக்காணத்து எறா வாங்கித் திங்கறவன்ங்கற முறையில எனக்கும் இதுல சொல்ல நாலு வார்த்தை இருக்கு.

சென்னையில ஐ.டி. கம்பெனியில வேலை பார்க்கற எங்க அண்ணன் பொண்ணு லீவுக்கு வந்திருந்தா. ஞாயித்துக்கிழமை சமையல் தன்னோடதுன்னு சொல்லிட்டா. கொண்டு வந்த பையைப் பிரிச்சா. 'கேஜன்'னு எழுதின மசாலா டப்பா, சிவப்புக் குடமிளகாய் ரெண்டு, செலரித் தண்டு ஒரு கட்டு, தோல் உரிச்ச ஐஸ் இறால் ஒரு பாக்கெட், அப்புறம் டின்ல அடைச்ச தக்காளி.

"ஏம்மா, பின்னாடி தோட்டத்துல தக்காளி பழுத்துத் தொங்குது, நீ டின்னு வாங்கிட்டு வந்திருக்கியே?"

"ரெசிபியில அப்படித்தான் சித்தப்பா போட்டிருக்கு. இது கிரியோல். நம்ம தொக்கு மாதிரி இல்ல."

சமைச்சா. சாப்பிட்டோம். பொய் சொல்லக் கூடாது, நல்லாத்தான் இருந்தது. எங்க அம்மா மட்டும் ரெண்டு வாய் தின்னுட்டு, "எறா தொக்குதான், வாசனை மட்டும் எங்கியோ போயிடுச்சு"ன்னாங்க. எண்பது வயசு ஆகுது. அவங்க சொன்னதுல இருக்கற நியாயத்தைத்தான் கீழ எழுதறேன்.

முதல்ல ஒரு சின்னக் குழப்பத்தைத் தீர்த்துடலாம். கேஜனும் கிரியோலும் ஒண்ணு இல்ல. ரெண்டுமே அமெரிக்காவுல லூசியானா மாநிலத்துச் சமையல்தான். ஆனா கிரியோல் நியூ ஆர்லியன்ஸ் பட்டணத்துச் சமையல், அதுல தக்காளி உண்டு. கேஜன் நாட்டுப்புறத்துச் சமையல், அதுல பெரும்பாலும் தக்காளியே சேர்க்க மாட்டாங்க. கேஜன் டப்பாவை வாங்கி வச்சுக்கிட்டு கிரியோல் பண்றது, ரசப்பொடியைப் போட்டு மீன் குழம்பு வைக்கற மாதிரி. திங்கலாம், யாரும் சாகப்போறதில்ல. ஆனா அந்தக் காசு எதுக்குன்னுதான் கேக்கறேன்.

அங்க வெங்காயம், குடமிளகாய், செலரி மூணையும் வதக்கித்தான் எதையும் ஆரம்பிப்பாங்க. ஏன் அந்த மூணு? அவங்க மண்ணுல, அவங்க சந்தையில அதுதான் கைக்குக் கிடைச்சது. பிரெஞ்சுக்காரன், ஸ்பெயின்காரன், அடிமையா இழுத்துட்டு வரப்பட்ட ஆப்பிரிக்க ஜனங்க, அந்த மண்ணோட பூர்வகுடிங்க, இத்தனை பேரு கையும் பட்டு ஒரு சமையல் உருவாச்சு. கிரியோல்ங்கறது ஒரு பொடியோட பேரு இல்ல. ஊரை விட்டு வந்தவங்க, பழைய நாக்கை வச்சுக்கிட்டுப் புது ஊர்ல கிடைச்சதைக் கொண்டு ஒப்பேத்தின சமையல். அப்படிப் பார்த்தா, மேல்மருவத்தூர் தாண்டி ஒரு டின் தக்காளியைத் தூக்கிட்டு வந்து எங்க வீட்டு அடுப்புல கொட்டறதுதான் கிரியோலுக்கு நேர் எதிரான வேலை.

இன்னொரு கிரியோல் இருக்கு. அதுதான் நமக்குக் கிட்டத்துச் சொந்தம். சென்னையில அதைப் பத்தி அவ்வளவாப் பேச மாட்டேங்கறாங்க.

இந்தியப் பெருங்கடல்ல, மடகாஸ்கருக்குக் கிழக்கால ரீயூனியன்னு ஒரு தீவு. இன்னைக்கும் பிரான்ஸோட ஒரு பகுதி. 1848 டிசம்பர் 20 அன்னைக்கு அங்க அடிமை முறையை ஒழிச்சாங்க. கரும்புத் தோட்டம் நிக்குது, வெட்ட ஆள் இல்ல. உடனே பிரெஞ்சுக்காரன் பார்வை தன் கையில இருந்த புதுச்சேரி, காரைக்கால் பக்கம் திரும்பிச்சு. ஒப்பந்தக் கூலின்னு கைநாட்டு வாங்கிக் கப்பல்ல ஏத்தினாங்க. 1860-61ல பிரிட்டிஷ்காரனும் பிரெஞ்சுக்காரனும் ஒப்பந்தம் போட்டுக்கிட்டு, பிரிட்டிஷ் பகுதியிலேர்ந்தும் ஆள் எடுக்கலாம்னு ஆச்சு. 1882ல அதை நிறுத்தற வரைக்கும் கப்பல் போய்க்கிட்டே இருந்தது. புதுச்சேரியைச் சுத்தி இருந்த பிரிட்டிஷ் பகுதி எது? நம்ம தென்னாற்காடு ஜில்லாதான். 1993ல விழுப்புரம்னு தனி மாவட்டமா ஆன இந்தப் பூமி. அந்தக் கூலிங்க எல்லாருமே புதுச்சேரிக்காரங்க இல்ல. பஞ்சத்துல அடிபட்டு, கங்காணி பேச்சை நம்பி, சுத்துப்பட்டுக் கிராமத்துலேர்ந்து நடந்து போய்க் கப்பல் ஏறினவங்களும் அதுல இருந்தாங்க.

இப்பவும் முண்டியம்பாக்கம் சர்க்கரை ஆலைக்குக் கரும்பு ஏத்திக்கிட்டு டிராக்டருங்க வரிசை கட்டி நிக்கறதைப் பார்க்கறப்போ எனக்கு அந்த ஜனங்க ஞாபகம் வரும். இங்க வெட்டின கைதானே அங்கயும் வெட்டியிருக்கும்.

அந்தத் தீவுல ஒரு சாப்பாடு இருக்கு. பேரு 'ரூகாய்'. எண்ணெய்யில வெங்காயம் வதக்கி, இஞ்சி பூண்டு பச்சமிளகாயை உப்பு வச்சு இடிச்சுப் போட்டு, மஞ்சத்தூள் தூவி, தக்காளியைச் சுண்ட வதக்கி, அதுல இறாலைப் போட்டு எடுத்தா 'ரூகாய் கிரெவெத்'. கிரெவெத்னா இறால். சுடுசோறு, பக்கத்துல பருப்பு, அதோட இது. இதை எறா தொக்குன்னு சொல்லாம வேற என்னன்னு சொல்றது?

அந்த ரூகாய்ங்கற வார்த்தையை வாயில நாலு தடவை சொல்லிப் பாருங்க. முன்னாடி ஒரு எழுத்தைச் சேர்த்துச் சொல்லுங்க. ஊறுகாய்! நான் கட்டிவிட்ட கதை இல்ல இது, பிரெஞ்சு அகராதிக்காரங்களே அப்படித்தான் போட்டிருக்காங்க. அங்க ரெண்டு வகை ரூகாய் உண்டு. ஒண்ணு, பச்சைத் தக்காளியோ மாங்காயோ மிளகாய் வச்சு நசுக்கி, சோத்துக்குப் பக்கத்துல தொட்டுக்க வைக்கறது. இன்னொண்ணு, நான் மேல சொன்ன சமைச்ச ரூகாய். தொட்டுக்க வச்ச ஊறுகாய் பேரு, காலப்போக்குல தட்டு நிறையச் சாப்பிடற பண்டத்துக்கும் ஒட்டிக்கிச்சு. கறிவேப்பிலைக்கு அங்க 'கலுப்பிலே'ன்னு பேரு. முருங்கைக் கீரைக்கு 'ப்ரேத் முருங்'. கறி, மசாலா எல்லாம் லேசா வாய் கோணி அப்படியே நிக்குது. மொழியை மறந்த பேரப்பிள்ளைங்க வாயில அடுப்படி வார்த்தை மட்டும் மறக்காம நின்னுக்கிட்டு இருக்கு. சொல்லப் போனா எனக்கு இதுல சந்தோஷத்தை விட வருத்தம்தான் ஜாஸ்தி. திரும்பி வர முடியாமப் போனவங்க விட்டுட்டுப் போன சொத்து இது.

இந்த இடத்துல ஒரு எச்சரிக்கை. "பாத்தீங்களா, கிரியோல் சமையலே தமிழன் கண்டுபிடிச்சது"ன்னு வாட்ஸ்அப்ல அனுப்பிடாதீங்க, புண்ணியமாப் போகும். ரூகாய்ல ஆப்பிரிக்கக் கை இருக்கு, மடகாஸ்கர் கை இருக்கு, பிரெஞ்சுக்காரன் தைம் இலை இருக்கு. அதை உருவாக்கினது ரீயூனியன் ஜனங்க. பேரு மட்டும் நம்ம வீட்டுலேர்ந்து போச்சு. அதுவும் இல்லாம, நம்ம தொக்குல நம்மது எது? தக்காளி தென் அமெரிக்காவுலேர்ந்து வந்தது. மிளகாய் போர்ச்சுக்கீசியக் கப்பல்ல வந்தது. இன்னைக்கு நீங்க கடையில வாங்கற இறால்ல நிறைய எந்த ஊரு தெரியுமா? வனாமி. மெக்சிகோவுலேர்ந்து பெரு வரைக்கும் பசிபிக் கடலோரம் வாழற ஜாதி. 2009ல தான் நம்ம நாட்டுல வளர்க்க அனுமதி கொடுத்தாங்க. ஆகமொத்தம் எறா, தக்காளி, மிளகாய் மூணுமே அமெரிக்கக் கண்டத்துப் பொருள். மூணையும் சேர்த்துக் கடலெண்ணெய்யில வதக்கி "எங்க பாட்டன் காலத்துச் சமையல்"னு சொல்றோம். நாமும் கிரியோல்தான்.

அப்போ எனக்கு என்னதான் குறைன்னு கேட்டா, பேரு மாறினா மரியாதை மாறுதே, அதான்.

புதுச்சேரி 1954 நவம்பர் 1 வரைக்கும் பிரெஞ்சுக்காரன் ஆட்சியில இருந்தது எல்லாருக்கும் தெரியும். அங்க வெள்ளைக்கார நாக்குக்கு ஏத்தபடி காரம் குறைச்சு, தேங்காய்ப்பால் சேர்த்து ஒரு சமையல் உண்டாச்சு. அதுக்கும் கிரியோல்னு பேரு. இன்னைக்குக் கடற்கரைத் தெரு ஓட்டல்கள்ல அந்தப் பேருக்கே தனி விலை. நான் குறை சொல்லல, பொழைக்கட்டும். ஆனா அதே சமையலோட அடித்தளமா இருக்கற ஒரு பொருளைப் பாருங்க. தாளிப்பு வடகம். சித்திரை வெயில்ல எங்க பக்கம் வீட்டுக்கு வீடு போடுவாங்க. சின்ன வெங்காயம், பூண்டு, உளுந்து, கடுகு, சீரகம், வெந்தயம், மஞ்சள், கறிவேப்பிலை, உப்பு எல்லாத்தையும் பிசைஞ்சு உருட்டி வெயில்ல வைக்கணும். சாயங்காலம் உள்ள எடுத்து, மறுநாள் உதிர்த்து மறுபடி பிசைஞ்சு உருட்டி வைக்கணும். கையில விளக்கெண்ணெய் தொட்டுக்கணும், அப்பதான் வருஷம் பூரா கெடாது. பத்துப் பதினஞ்சு நாள் இடுப்பொடியற வேலை.

இந்த வடகம் புதுச்சேரி வழியா பிரான்ஸுக்குப் போச்சு. அங்க 'வதுவான்'னு பேரு மாறி, பொடியாகி, பெரிய பெரிய சமையல்காரங்க கையில விளையாடி, இப்போ சின்னக் கண்ணாடிப் பாட்டில்ல அடைச்சு உலகம் பூரா விக்குது. எங்க ஊர்ல வடகம் போடத் தெரிஞ்ச கைங்க எண்ணி எடுத்துடலாம். போட்டுக் கொடுக்கறவங்ககிட்ட நகரத்து ஆளு வந்து, "என்னம்மா, வெங்காயத்தைக் காய வச்சதுக்கு இவ்வளவு விலையா?"ன்னு பேரம் பேசினதைக் கண்ணால பார்த்திருக்கேன். அதே ஆளு வதுவான் பாட்டில்ல ஒட்டின விலையைப் பார்த்துப் பேரம் பேசுவாரா? மாட்டார். பேச அங்க எதிர்ல ஆளும் இல்ல.

அதனால அண்ணன் பொண்ணுக்கு நான் சொன்னதையே உங்களுக்கும் சொல்றேன். கிரியோல் இறால் பண்ணுங்க, தாராளமா. ஆனா மூணு விஷயத்துல கண்ணை வையுங்க. எந்த எறா, எந்தத் தக்காளி, யார்கிட்ட வாங்கறீங்க.

எறாவை எடுத்துக்கலாம். மரக்காணத்துக்கு மேற்கால, தெற்கால பரந்து கிடக்கறது கழுவேலி. பழவேற்காட்டுக்கு அடுத்தபடி தமிழ்நாட்டுல பெரிய உவர்நீர் ஏரி. மழைக்காலத்துல திண்டிவனம், வானூர் பக்கத்து ஏரிகள்லேர்ந்து உபரித் தண்ணி வந்து நெறையும். எடையன்திட்டு கழிமுகம் வழியா கடல் தண்ணியும் உள்ள வரும். நல்ல தண்ணியும் உப்புத் தண்ணியும் கலக்கற இந்த மாதிரி இடம்தான் எறாவுக்கு நர்சரி. தாய் எறா கடல்ல முட்டை விடும். குஞ்சு கழிமுகத்துக்குள்ள ஒதுங்கி, சேத்துல மேய்ஞ்சு பெருத்து, அப்புறம் கடலுக்குத் திரும்பும். 2021 டிசம்பர்ல கழுவேலியைப் பறவைகள் சரணாலயமா அறிவிச்சாங்க. 2024 ஆகஸ்ட்ல ராம்சர் பட்டியல்லயும் சேர்ந்தது. பேப்பர்ல பறவை போட்டோ அழகா வந்தது. பறவை ஏன் அங்க வருதுன்னா, தண்ணிக்குள்ள அதுக்குத் தீனி இருக்கு. நம்ம தட்டுக்கு வர்ற வெள்ளை எறாவும் அதே தண்ணியை நம்பித்தான் இருக்கு. மேல ஏரிக்கால்வாயை அடைச்சு பிளாட் போட்டா, கீழ கழிமுகத்துல தண்ணியோட ருசி மாறும். எறா குறையும். வயல்காரனுக்கும் வலைக்காரனுக்கும் இங்க ஒரே கால்வாய்தான்.

பண்ணை எறா மோசம், கடல் எறா உசத்தின்னு நான் ஒரேயடியாச் சொல்ல வரல. பண்ணைக்கும் ஒரு வரலாறு இருக்கு. தொண்ணூறுகள்ல கடலோரம் பூரா கண்ட இடத்துல குட்டை வெட்டி, பக்கத்து நெல் வயலும் குடிதண்ணிக் கிணறும் உப்பாகி, சர்வோதயத் தலைவர் ஜெகந்நாதன் போட்ட வழக்குல 1996 டிசம்பர்ல உச்ச நீதிமன்றம் கடுமையான தீர்ப்பு கொடுத்தது. அதுக்கப்புறம் 2005ல கடலோர மீன்வளர்ப்புக்குன்னே தனிச் சட்டமும் ஆணையமும் வந்தது. இன்னைக்கு ஒழுங்கா நடத்தற பண்ணைக்காரங்களும் இருக்காங்க. அவங்களும் விவசாயிதான். தீவனத்துக்குக் கடன், நோய் வந்தா ஒரே ராத்திரியில குளம் காலி. மரக்காணம் கரையோரம் குஞ்சு பொரிப்பகங்கள் வரிசையா இருக்கு, எத்தனையோ குடும்பம் அதுல பொழைக்குது.

இந்த இடத்துல லூசியானாவைத் திரும்பப் பாருங்க. அமெரிக்காவுக்கு அதிகமா இறால் அனுப்பற நாடு இந்தியா. நியூ ஆர்லியன்ஸ் ஓட்டல்ல கிரியோல் இறால் திங்கறவன் தட்டுல இருக்கறது ஆந்திரா குளத்து வனாமியா இருக்க நிறைய வாய்ப்பு உண்டு. அந்த ஊர் மீனவன், மலிவா வர்ற இறக்குமதி இறாலால தன் படகை ஓட்ட முடியலைன்னு அழறான். அதனால அங்க 2019லேர்ந்து ஒரு சட்டம் இருக்கு: ஓட்டல்ல வெளிநாட்டு இறால் போட்டா, வெளிநாட்டு இறால்னு எழுதி வைக்கணும். 2025 ஆகஸ்ட்ல அமெரிக்கா நம்ம பொருள் மேல வரியை 50 சதவீதத்துக்குத் தூக்கினப்போ, முதல் அடி வாங்கினதுல இறால் பண்ணைக்காரங்களும் உண்டு. ரெண்டு கரையிலயும் உழைக்கறவன்தான் முழிக்கறான். வரி நம்ம கையில இல்ல. ஆனா அந்த எழுதி வைக்கற சட்டம் நல்ல சட்டம். இங்கயும் வேணும். ஈ.சி.ஆர். ரோட்டுல கடலைப் பார்த்துக்கிட்டு உக்கார்ந்து, "ஃப்ரெஷ் கேட்ச்"னு போர்டு பார்த்துச் சாப்பிடறோம். அது குளத்து எறாவா, கடல் எறாவா, ஐஸ்ல எத்தனை நாளு இருந்ததுன்னு கேக்க நமக்கு உரிமை இல்லையா?

வாங்கறப்போ தலையோட வாங்குங்க. இதை மட்டும் கெஞ்சிக் கேக்கறேன். தலை உடம்போட இறுக்கமா ஒட்டியிருக்கணும், ஓடு மினுமினுன்னு இருக்கணும், தலைப்பக்கம் கருப்பு தட்டியிருக்கக் கூடாது, மூக்கைத் தூக்கற வாடை வரக் கூடாது. உரிச்ச பாக்கெட்டுல இது ஒண்ணையும் பார்க்க முடியாது. தலையும் ஓடும் போனா ஏறக்குறைய பாதிதான் தேறும், உண்மை. ஆனா வாசனை அந்தப் பாதியிலதான் இருக்கு. எங்க அம்மா "எங்கியோ போயிடுச்சு"ன்னு சொன்ன வாசனை, ஃபேக்டரி குப்பைத் தொட்டிக்குப் போன தலையோட போயிடுச்சு. லூசியானாக்காரனும் ஓட்டையும் தலையையும் கொதிக்க வச்சு அந்தச் சாறுலதான் சமைக்கறான். நம்ம ஆயாங்க தலையோடவே குழம்புல போட்டாங்க. நடுவுல நாமதான் கெட்டோம்.

தக்காளி விஷயம் இன்னும் கொடுமை. நகரத்துல நீங்க வாங்கறது பெரும்பாலும் லாரிக்காக வளர்த்த தக்காளி. தோல் கெட்டி, சதை கெட்டி, கீழ போட்டா உருண்டு ஓடும். வதக்கினா அரை மணி நேரம் ஆனாலும் தோல் சுருண்டு தனியா நிக்கும். தொக்குக்கும் ரூகாய்க்கும் வேண்டியது நாட்டுத் தக்காளி. கொஞ்சம் சப்பையா, புளிப்பா, சாறா இருக்கறது. ரெண்டு நாள் வச்சா உடைஞ்சுடும். அதனாலதான் வியாபாரி தொட மாட்டேங்கறான். உடையற தக்காளிக்குத்தான் ருசின்னு உங்களுக்குத் தெரியும், எனக்கும் தெரியும், ஆனா போடறது நான். பத்துப் பெட்டி கொண்டு போனா ரெண்டு பெட்டி கழிவுன்னு தள்ளறான். நான் எதுக்கு அதைப் போடுவேன்?

2023 ஜூலையில தக்காளி நூறு ரூபாயைத் தாண்டினப்போ அரசாங்கம் ரேஷன் கடையில கிலோ 60 ரூபாய்க்கு வித்தது. டி.வி. பூரா தக்காளிதான். ரெண்டு மாசத்துல விலை தரைக்கு வந்தது. பறிக்கற கூலிக்குக்கூடக் கட்டலைன்னு செடியிலயே விட்டவங்க எத்தனையோ பேரு. அப்போ ஒரு கேமராவும் வரல. டின் தக்காளி விலை மட்டும் அன்னைக்கும் அதே, இன்னைக்கும் அதே. டின்னுக்கு மறுபேச்சு பேசாமக் கொடுக்கற காசுல பாதியை நாட்டுத் தக்காளிக்குக் கொடுக்க நகரத்துல நூறு குடும்பம் தயாரா இருந்தாப் போதும், திண்டிவனம் உழவர் சந்தைக்கு நாங்க அதைத் தூக்கிட்டு வருவோம்.

சரி, சமையலுக்கு வர்றேன். நாலு பேருக்கு.

அரைக் கிலோ எறா, தலையோட. உரிச்சு, முதுகைக் கீறிக் கருப்புக் குடலை எடுத்துடுங்க. எறாவுல கொஞ்சம் உப்பும் மஞ்சளும் தடவி வைங்க. தலை, ஓடு எல்லாத்தையும் அலசி, ஒரு கரண்டி எண்ணெய்யில சிவக்க வறுத்து, ரெண்டு டம்ளர் தண்ணி ஊத்திக் கால் மணி நேரம் கொதிக்க விட்டு வடிகட்டுங்க. கரண்டியால தலையை நல்லா நசுக்கி வடிங்க, ஆரஞ்சு நிறத்துல ஒரு கொழுப்பு இறங்கும்.

நாலு பச்சமிளகாய், எட்டுப் பல் பூண்டு, ஒரு துண்டு இஞ்சி, கல் உப்பு. உரல்ல இடிங்க. மிக்சியில அரைச்சாத் தண்ணியா வரும், அது வேற ருசி. சட்டியில கடலெண்ணெய் தாராளமா ஊத்துங்க. திண்டிவனத்துல எண்ணெய் வித்து ஆராய்ச்சி நிலையம் வச்சு, டி.எம்.வி.ன்னு ஊர்ப் பேருலயே மல்லாட்டை ரகம் விட்ட பூமி இது, வேற எண்ணெய் ஊத்தினா மல்லாட்டைக்காரன் எனக்குக் கோவம் வரும். எண்ணெய் காய்ஞ்சதும் ஒரு உருண்டை வடகத்தை உதிர்த்துப் போடுங்க. அது பொரியற வாசனை தெருவுக்குப் போகும். பொடியா நறுக்கின வெங்காயம் ரெண்டு, பொன்னிறமா வதங்கணும். இடிச்சதைப் போட்டுப் பச்சை வாடை போகப் பெரட்டுங்க.

இப்போ தக்காளி, நானூறு கிராம். இங்கதான் பொறுமை வேணும். தீயைக் குறைச்சு, மூடாம, கரைஞ்சு எண்ணெய் பிரியற வரைக்கும் வதக்கணும். நாட்டுத் தக்காளின்னா பத்து நிமிஷம். ரீயூனியன்காரங்க இந்தச் சமயத்துல தைம் இலை போடுவாங்க. அதைத் தேடி அலையாதீங்க, தொட்டியில இருக்கற ஓமவல்லி ரெண்டு இலையைக் கிள்ளிப் போடுங்க. பிரெஞ்சு பேசற தீவுகள்ல இதே செடிக்குப் 'பெரிய தைம்'னுதான் பேரு. அப்புறம் வடிகட்டின சாறு, அது பாதியா சுண்டணும். கடைசியில எறா. நாலு நிமிஷம், மிஞ்சினா அஞ்சு. எறா சுருண்டு வளைஞ்சு நிறம் மாறினதும் இறக்கிடுங்க. அதுக்கு மேல விட்டா ரப்பர்தான். நகரத்துல நான் தின்ன எறால்ல பத்துக்கு எட்டு ரப்பர். சுடுசோறு, கெட்டிப் பருப்பு, பக்கத்துல நசுக்கின பச்சைத் தக்காளி மிளகாய். பேரு என்னன்னு கேட்டா ரூகாய்னு சொல்லிக்கோங்க, தொக்குன்னும் சொல்லிக்கோங்க.

செலரியும் குடமிளகாயும் போட்டு லூசியானா வழியில பண்ணணும்னாலும் பண்ணுங்க, அதுல தப்பு இல்ல. தலைச் சாறும் நாட்டுத் தக்காளியும் இருந்தா அதுவும் தேறும்.

வாங்கற சேதி ஒண்ணு பாக்கி. ஏப்ரல் 15லேர்ந்து ஜூன் 14 வரைக்கும் 61 நாள் நம்ம கரையில விசைப்படகு கடலுக்குப் போகாது. அப்போ நகரத்துக் கடையில "கடல் எறா"ன்னு எதையாவது காட்டினா ஒரு தடவைக்கு ரெண்டு தடவை கேளுங்க. அந்த மாசங்கள்ல நாட்டுப் படகுலயும் கழியில வீச்சு வலையிலயும் படறதுதான் எறா. கொஞ்சமாத்தான் வரும், விலையும் கூடத்தான் இருக்கும். மரக்காணத்துலேர்ந்து காலையில முதல் பஸ்ஸுக்கு அன்னக்கூடையோட ஏறித் திண்டிவனம் வர்ற அக்காமாருங்க இருக்காங்க. போன சித்திரையில ஒரு அக்காகிட்ட, "என்னக்கா, போன வாரத்தை விட எம்பது ரூபா ஏத்திட்ட"ன்னேன். "நீ மல்லாட்டை விலையை ஏத்துனியே, நான் கேட்டனா தம்பி?"ன்னு சொல்லிக்கிட்டே நிறுத்துப் போட்டாங்க, மேல ரெண்டு எறாவும் சேர்த்து. ஒன்பது மணிக்கெல்லாம் கூடை காலி. சீக்கிரம் போங்க, பை எடுத்துக்கிட்டுப் போங்க.